பன்னிரண்டு எந்தப் பக்கம்

மேடையில் வீற்றிருக்கும் தேர்வுத் துறை இயக்குநர் அவர்களே, எனக்கு முன் பேசி அமர்ந்த கணித ஆசிரியர் மன்றச் செயலர் அவர்களே, பாடநூல் குழு நண்பர்களே, அரங்கை நிறைத்திருக்கும் ஆசிரியப் பெருமக்களே, நாற்காலி போட்டும் உட்காராமல் கதவோரம் நிற்கும் காவலாளி அண்ணனே, முன்வரிசையில் இருக்கும் எங்கள் ஆசிரியையின் மகளே, உங்கள் எல்லோருக்கும் என் வணக்கம்.

எனக்குப் பத்து நிமிடம் ஒதுக்கியிருக்கிறார்கள். தேர்வுத் துறைத் துணை இயக்குநர் புகழுரை ஆற்றுவார் என்று தாளில் அச்சிட்டிருக்கிறார்கள். ஆற்றுகிறேன். புகழ்வதற்கு அவரிடம் என்ன பஞ்சம்? ஆனால் முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் என் முகத்தைப் பார்த்துத் தப்பாக நினைக்க வேண்டாம். எனக்கு அழுகை வரவில்லை. போன செவ்வாய்க்கிழமை மூன்றாம் பாடவேளை முடிந்து படியிறங்கும்போது அவருக்கு நெஞ்சு வலித்தது, மருத்துவமனைக்குக் கொண்டுபோவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது என்று தொலைபேசியில் சொன்னார்கள். அப்போது நான் கோப்புகளில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தேன். தொலைபேசியை வைத்துவிட்டு மீதியிருந்த கோப்புகளிலும் கையெழுத்துப் போட்டேன். பதினான்கு கோப்புகள். ஒன்றில்கூடப் பிழையில்லை என்று உதவியாளர் மறுநாள் சொன்னார். பல் பிடுங்க ஊசி போட்ட பிறகு கன்னத்தைக் கிள்ளிப் பார்ப்போமே, நம் கன்னம்தான் என்று தெரியும், வலி மட்டும் தெரியாது. எட்டு நாளாக நான் அப்படித்தான் நடமாடிக்கொண்டிருக்கிறேன்.

எனக்கு முன் பேசிய செயலர் அழகாகப் பேசினார். முப்பத்தோர் ஆண்டுப் பணியைச் சொன்னார். முடிக்கும்போது, "அந்த ஒரு முகாமில் நேர்ந்த ஒரு கவனக்குறைவைத் தவிர, அப்பழுக்கில்லாத பணி" என்றார். உங்கள் கையிலிருக்கும் நினைவு மலரின் மூன்றாம் பக்கத்திலும் அதே வரி இருக்கிறது. நல்ல மனத்தோடு எழுதிய வரிதான். செயலர் மீது எனக்கு வருத்தமில்லை. ஆனால், நண்பர்களே, அந்த வரி தவறு. அந்தக் கவனக்குறைவு அவருடையது இல்லை. நாம் இந்த அரங்கைவிட்டுக் கலைவதற்குள் அந்த வரியைத் திருத்தியாக வேண்டும் என்றுதான் வந்து நிற்கிறேன். நான் சொல்லாவிட்டால் அதைத் திருத்த இனி ஆளே கிடையாது. ஏன் என்று சொல்கிறேன். கொஞ்சம் பொறுத்துக் கேளுங்கள்.

முதலில் அவர் யார் என்று சொல்ல வேண்டும். முன்னாள் முதன்மைத் தேர்வாளர், பாடநூல் ஆசிரியர், கணித ஆசிரியை. இந்தப் பட்டமெல்லாம் சொன்னால் பாதிப் பேருக்குத் தெரியாது. 'வாக்கியம் டீச்சர்' என்றால் எல்லோருக்கும் தெரியும். பிள்ளைகள் கேலியாக வைத்த பெயர் அது, அப்படியே ஒட்டிக்கொண்டது. யார் எந்தக் கணக்கைக் கொண்டுபோய் நீட்டினாலும் அவர் விடையைப் பார்க்க மாட்டார். சமன்பாட்டையும் பார்க்க மாட்டார். "வாக்கியம் எங்கே?" என்பார்.

நாமெல்லாம் வாக்கியக் கணக்கை எப்படிச் சொல்லிக்கொடுத்தோம்? நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்கள். தெரியாததை x என்க. முடிந்தது! அடுத்த வரியில் சமன்பாடு, அதற்கடுத்த வரியில் விடை, அடியில் இரண்டு கோடு. பிள்ளைக்குப் புரிந்ததா என்று யார் கேட்டோம்? அவர் அந்த 'என்க'வில் பிடித்து நிறுத்துவார். ஒருமுறை நான் அவர் வகுப்பு வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

"எக்ஸ்னா என்ன?"

"பேனா டீச்சர்."

"பேனாவா? பேனாவை எப்படி மூணால பெருக்குவே? பேனாவோட விலையா, எண்ணிக்கையா, நீளமா?"

"விலை டீச்சர்."

"ஒரு பேனாவோட விலையா, எல்லாப் பேனாவுக்கும் சேர்த்தா?"

அந்தப் பெண்ணுக்குக் கண் கலங்கிவிட்டது. இவர் விடவில்லை. "அழுதா அழுதுக்கோ. அழுது முடிச்சிட்டு முழு வாக்கியமா எழுது" என்றார். அந்தப் பெண் மூக்கை உறிஞ்சிக்கொண்டே எழுதினாள்: x என்பது ஒரு பேனாவின் விலை, ரூபாயில். அதைப் படித்துவிட்டு இவர் முகத்தில் வந்த சந்தோஷத்தைப் பார்க்க வேண்டுமே! பிள்ளை ஏதோ மலையைப் புரட்டிவிட்டதைப் போல. அவர் நம்பியது ஒன்றே ஒன்றைத்தான். அந்த எழுத்துக்குப் பின்னால் பொருளோ ஆளோ நிற்கக் கூடாது, ஓர் எண்தான் நிற்க வேண்டும். அது புரிந்துவிட்டால் வாக்கியக் கணக்கில் பாதிப் பயம் போய்விடும் என்பார்.

நான் அதற்கு நேர் எதிர். கணக்கைப் படித்து முடிப்பதற்குள் எனக்குச் சமன்பாடு ஓட ஆரம்பித்துவிடும். அதில் எனக்குத் தலைக்கனமும் உண்டு. "சார், நீங்க பாதி வாக்கியத்துலயே வண்டியைக் கிளப்பிடுறீங்க" என்று சிரிப்பார். பாடநூல் குழுவில் நாங்கள் இருவரும் ஒரே மேசை. நான் ஒரு வயதுக் கணக்கு எழுதிக் கொடுத்தேன். தந்தையின் வயது மகனின் வயதைப் போல் இரு மடங்கு. ஐந்து ஆண்டுகளுக்கு முன் மூன்று மடங்கு. எனில் இருவர் வயதும் என்ன? சமன்பாடு சுத்தமாக அமைந்தது. விடையும் முழு எண். மகனுக்குப் பத்து, தந்தைக்கு இருபது. நான் அடியில் இரண்டு கோடு போட்டுவிட்டுத் தேநீர் குடிக்கப் போய்விட்டேன். திரும்பி வந்தால் குழுவே விழுந்து விழுந்து சிரிக்கிறது. இவர் மட்டும் சிரிக்காமல், "கணக்கு சரி சார். ஆனா இவரு பத்து வயசுல அப்பா ஆயிருக்காரு. அந்த வீட்ல யாராவது விசாரிச்சீங்களா?" என்றார். அதற்குப் பிறகு அந்தக் குழுவில் என்னைப் பார்த்தாலே 'பத்து வயசு அப்பா' என்றுதான் கூப்பிட்டார்கள். இதோ, பின்வரிசையில் இப்போதும் சிரிக்கிறார்கள். சிரியுங்கள். அவருக்கும் பிடிக்கும்.

சமன்பாடு சரியா என்று பார்க்க அவர் ஒரு வழி வைத்திருந்தார். அதைச் சமன்பாடு தெரியாத ஒருவரிடம், கணக்கைப் பார்க்காத ஒருவரிடம், பேச்சு மொழியில் படித்துக் காட்ட வேண்டும். கேட்டவர் அதைக் கதையாகத் திருப்பிச் சொல்ல வேண்டும். அந்தக் கதை கணக்கில் உள்ள கதையோடு ஒத்துப்போனால் சமன்பாடு சரி. ஒத்துப்போகாவிட்டால், விடை என்னவாக இருந்தாலும், தப்பு. அவருடைய பள்ளியில் கதை சொல்ல அவர் பிடித்த ஆள் இந்தக் காவலாளி அண்ணன்தான். ஐந்தாம் வகுப்போடு படிப்பை விட்டவர். மதிய இடைவேளையில் பிள்ளைகள் குறிப்பேட்டோடு வாயிற்கதவருகே வரிசையில் நிற்பார்கள். அண்ணன் வருகைப் பதிவேட்டை மூடி வைத்துவிட்டு, "சொல்லு தாயி, இன்னைக்கு யாரு யாருக்கு என்ன ஆச்சு?" என்பார். தலைமையாசிரியர் ஒருமுறை, காவலாளியைக் கணக்கு வாத்தியார் ஆக்கிவிட்டீர்களே என்று கோபப்பட்டார். "அவர் வாத்தியார் இல்ல சார். நமக்கெல்லாம் விடை தெரியும், அதனால நம்ம காதுல சரியாவே விழும். அவர் காதுல சொன்னது மட்டும்தான் விழும்" என்றார் இவர்.

இனி அந்த முகாமுக்கு வருகிறேன்.

பதினோரு ஆண்டுகளுக்கு முன் பொதுத்தேர்வு விடைத்தாள் திருத்தும் முகாம் அவருடைய பள்ளியிலேயே நடந்தது. அவர் முதன்மைத் தேர்வாளர். நான் அவருக்கு அடுத்தவன். இருபத்தெட்டுப் பேர் திருத்தினார்கள். விடைக்குறிப்பு தயாரிப்பது எங்கள் இருவர் வேலை. இரண்டு மதிப்பெண் வினாக்கள் என் பங்கு. அதில் ஒரு வினா. ஒரு தொழிற்சாலையில் ஒரு மேற்பார்வையாளருக்குப் பன்னிரண்டு தொழிலாளர்கள் வீதம் பணிபுரிகின்றனர். மேற்பார்வையாளர்களின் எண்ணிக்கை x, தொழிலாளர்களின் எண்ணிக்கை y எனில் சமன்பாடு அமைக்கவும். தீர்க்க வேண்டாம். அமைத்தால் போதும்.

நான் எழுதினேன்: x = 12y.

இந்த அரங்கில் இப்போது ஒரு சலசலப்புக் கேட்கிறது. கணக்கு ஆசிரியர்களுக்குத் தெரிந்துவிட்டது. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். மேற்பார்வையாளர் பத்துப் பேர் என்றால் தொழிலாளர் நூற்றிருபது பேர். தொழிலாளர் எண்ணிக்கைதான் பெரியது. சிறிய எண்ணைப் பன்னிரண்டால் பெருக்கினால்தான் பெரிய எண் வரும். ஆகவே y = 12x. நான் என்ன செய்தேன்? ஒரு மேற்பார்வையாளருக்குப் பன்னிரண்டு தொழிலாளர், ஒரு x-க்குப் பன்னிரண்டு y என்று படித்த வேகத்தில் இறக்கிவிட்டேன். எழுத்தை எண்ணாக நினைக்கவில்லை, ஆளாக நினைத்துவிட்டேன். எதைச் செய்யாதே செய்யாதே என்று அவர் தொண்டை வற்றக் கத்தினாரோ, அதே தவறு!

அதோடு நிற்கவில்லை. அன்று மதியம் அவர் மகள் படித்த பள்ளியிலிருந்து அழைப்பு வந்தது. எட்டு வயதுக் குழந்தை, நல்ல காய்ச்சல், வந்து கூட்டிப்போங்கள் என்று. அவர் பையை எடுத்துக்கொண்டே என்னிடம், "சார், ரெண்டு மணி நேரத்துல வந்துடுறேன். குறிப்பைப் படிச்சுக் காட்டாம மேசைக்கு அனுப்பாதீங்க. அண்ணன் கேட்லதான் இருக்காரு" என்றார். நான், "நீங்க போங்க டீச்சர், நான் பாத்துக்கறேன்" என்றேன். பார்த்துக்கொண்டேனா? திருத்துகிறவர்கள் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். எனக்குப் பொறுக்கவில்லை. கதவருகே போய்க் காவலாளியிடம் என் சமன்பாட்டைப் படித்துக் காட்டுவதா என்ற நினைப்பும் இருந்தது. முதன்மைத் தேர்வாளர் சுருக்கொப்பம் இல்லாமல் குறிப்பை அனுப்ப முடியாது. ஆகவே அவருடைய சுருக்கொப்பத்தை நானே போட்டு அனுப்பிவிட்டேன்.

ஆம். நானே போட்டேன்.

அவர் திரும்பி வந்ததும் கேட்ட முதல் கேள்வி, "படிச்சுக் காட்டினீங்களா?" என்பது. "ஆச்சு டீச்சர்" என்றேன். நம்பினார். சுருக்கொப்பம் போட்டதையும் சொன்னேன். நேரமாகிவிட்டது, உங்களுக்காகப் போட்டுவிட்டேன் என்றேன். முகம் சுருங்கியது. ஆனால் குழந்தை வீட்டில் படுத்திருக்கிறது, குறிப்பும் போய்விட்டது, பையை வைத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார். அன்று மாலையும் மறுநாள் காலையும் திருத்தினார்கள். சரியாக எழுதிய பிள்ளைக்குப் பூஜ்யம், தவறாக எழுதிய பிள்ளைக்கு இரண்டு. மூன்று ஆசிரியர்கள் சந்தேகப்பட்டு என்னிடம் வந்தார்கள். அவர்களில் இருவர் இப்போது இந்த அரங்கில் இருக்கிறார்கள். "குறிப்பில் உள்ளபடி போடுங்கள்" என்று துரத்திவிட்டேன்.

மறுநாள் மதியம் சாப்பாட்டு வேளையில் அவர் வழக்கம் விடாமல் குறிப்பை எடுத்துக்கொண்டு வாயிற்கதவுக்குப் போனார். ஏற்கெனவே படித்துக் காட்டியாயிற்று என்று நான் பொய் சொல்லியிருக்கிறேனே, நானும் பின்னாலேயே போனேன். அவர் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். அந்தக் கணக்கு வந்தது.

"வேலை செய்யறவங்க எண்ணிக்கையைப் பன்னிரண்டால பெருக்கினா சூப்பர்வைசருங்க எண்ணிக்கை. கதையாச் சொல்லுங்கண்ணே."

அண்ணன் யோசிக்கவே இல்லை. "ஒரு ஆளு வேலை செய்வான், பன்னிரண்டு பேரு மேய்ப்பாங்க. சரியாத்தாம்மா இருக்கு! எங்க ஏஜென்சி அப்படித்தான். கேட்ல நிக்கறது நான் ஒருத்தன். போன் பண்ணி அதிகாரம் பண்றது ஒரு டஜன்."

அவர் சிரித்தார். நானும் சிரித்தேன். பிறகு அவர் சிரிப்பு பாதியில் நின்றது. குறிப்பைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "சார், பன்னிரண்டு எந்தப் பக்கம் இருக்கு?" என்றார்.

நான் அவரைத் தனியே இழுத்துப் போய்ச் சொன்னேன். எல்லோருக்கும் இரண்டு மதிப்பெண் போட்டுவிடலாம் டீச்சர், ஒருத்தருக்கும் நஷ்டமில்லை, வெளியே தெரியாது என்றேன். அவர் என்ன சொன்னார் தெரியுமா? "சரியா எழுதின பிள்ளைக்கும் ரெண்டு, தப்பா எழுதின பிள்ளைக்கும் ரெண்டுன்னா, அந்தப் பிள்ளை ராத்திரி பகலா உக்காந்து படிச்சது எதுக்கு சார்?" அவ்வளவுதான். கூடத்துக்குள் போனார். எழுதுகோலைக் கீழே வைக்கச் சொன்னார். திருத்திய தாள்களில் மூன்று கட்டுகள் வண்டியில் ஏறிவிட்டன என்று தெரிந்ததும் ஓடிப் போய் வண்டியின் முன்னால் நின்றார். ஓட்டுநர், "நகருங்கம்மா, லேட்டாவுது" என்று கத்தினார். "தப்பான மார்க்கு உங்க வண்டியில ஏறியிருக்கு, இறக்கிட்டு எங்க வேணாப் போங்க" என்றார் இவர். இறக்கினார்கள். ஆயிரத்து நூற்றிருபது விடைத்தாள்களையும் பிரித்து, அந்த ஒரு வினாவை மட்டும் மறுபடி திருத்தி, கூட்டலைச் சரிபார்த்துக் கட்டி முடிக்கும்போது மாலை ஆறு மணி. நானூற்றுப் பன்னிரண்டு பிள்ளைகளுக்குப் பூஜ்யம் இரண்டானது. சரியாக எழுதிய ஒரு பிள்ளைக்குக்கூட ஒரு மதிப்பெண் போகவில்லை. இதையா, நண்பர்களே, கவனக்குறைவு என்று நாம் மலரில் அச்சடித்திருக்கிறோம்?

வண்டியை மறித்த செய்தி மேலிடத்துக்குப் போனது. பத்து நாள் கழித்து விசாரணை. கண்ணாடி போட்ட மேசை, மேலே காகிதத்தை அழுத்தி வைக்கும் பித்தளைக் குண்டு. அதிகாரி குறிப்பைத் திருப்பிக் காட்டினார். "இது உங்க இனிஷியல்தானே?" அவர் தம் சுருக்கொப்பத்தில் கடைசி எழுத்துக்குப் பக்கத்தில் எப்போதும் ஒரு புள்ளி வைப்பார். நான் போட்டதில் புள்ளி இல்லை. பார்க்கத் தெரிந்தவர் பார்த்தால் தெரிந்துவிடும். அவர் அதை வெகுநேரம் பார்த்தார். பக்கத்து நாற்காலியில் நான் இருந்தேன். "முதன்மைத் தேர்வாளர் நான். குறிப்பு வெளியே போனதுக்குப் பொறுப்பு என்னுது" என்றார். அது பொய்யில்லை. உண்மை முழுவதும் அதில் இல்லை, அவ்வளவுதான். மீதி உண்மை என் வாயில் இருந்தது. நான் வாயைத் திறக்கவில்லை. எனக்குப் பதவி உயர்வுக் கோப்பு மேலே போயிருந்த நேரம் அது. வேறு காரணம் தேட வேண்டாம். பயம்.

அதன் பிறகு அவரை எந்த முகாமுக்கும் அழைக்கவில்லை. பாடநூலின் அடுத்த பதிப்பில் அவர் எழுதிய கணக்குகள் இருந்தன, அவர் பெயர் இல்லை. முதன்மைத் தேர்வாளர் நாற்காலி எனக்கு வந்தது. அங்கிருந்துதான் ஒவ்வொரு படியாக ஏறி இந்த மேடைக்கு வந்திருக்கிறேன். அவர் என்ன செய்தார்? யாரும் எடுக்க விரும்பாத ஒன்பதாம் வகுப்புக் கடைசிப் பிரிவைக் கேட்டு வாங்கிக்கொண்டார். பதினோரு ஆண்டுகளும் அதே வகுப்பு.

அவருக்கு என் மீது கோபமே இல்லையா என்று கேட்பீர்கள். ஆண்டுதோறும் முகாம் தொடங்கும் காலையில் என் மேசைத் தொலைபேசி அடிக்கும். நலம் விசாரிக்க மாட்டார். "சார், படிச்சுக் காட்டிட்டீங்களா?" என்பார். "காட்டிட்டேன் டீச்சர்" என்பேன். வைத்துவிடுவார். பத்து அழைப்புகள். கோபமா, அக்கறையா? எனக்கு இன்றுவரை தெரியாது. ஆனால் அந்த அழைப்புக்குப் பயந்து நான் ஒவ்வோர் ஆண்டும் படித்துக் காட்டினேன். இந்த ஆண்டு முகாம் அடுத்த மாதம் தொடங்குகிறது.

நான்காம் ஆண்டில் ஒருநாள் தாங்காமல் அவர் வீட்டுக்குப் போனேன். துணி மடித்துக்கொண்டிருந்தார். எல்லாவற்றையும் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அவர் மடிப்பதை நிறுத்தவில்லை. "இதை எங்கிட்ட எதுக்கு சார் சொல்றீங்க? எனக்குத்தான் தெரியுமே. தெரியாதவங்ககிட்டப் போய்ச் சொல்லுங்க" என்றார். பிறகு, "காபி குடிக்கிறீங்களா?" என்றார். குடித்துவிட்டு வந்தேன். சொல்லலாம், நல்ல நேரம் பார்த்துச் சொல்லலாம் என்று ஏழு ஆண்டுகள் ஓட்டினேன்.

நினைவு மலருக்காக மட்டும் என்றால் இன்றும் நான் இதைச் சொல்லியிருப்பேனா என்பது சந்தேகம்தான். என்னைப் பற்றி எனக்குத் தெரியும். முந்தாநாள் அவர் வீட்டுக்குத் துக்கம் கேட்கப் போனேன். மகள் அம்மாவின் குறிப்பேடுகளை அட்டைப்பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தாள். எட்டு வயதுக் குழந்தைக்கு இப்போது பத்தொன்பது. நான் ஏதோ ஆறுதல் சொல்ல ஆரம்பித்தேன். அவள் தலைநிமிராமலே சொன்னாள்.

"அன்னைக்கு எனக்குக் காய்ச்சல் வரலைன்னா அம்மா பாதியில ஓடி வந்திருக்க மாட்டாங்க மாமா. அவசரத்துல அந்தத் தப்பும் நடந்திருக்காது. அவங்க வேலை, பேரு, எல்லாம் போனது என்னாலதான்."

"அம்மாகிட்ட இதைக் கேட்டியாம்மா?"

"கேட்டேன். 'உன்னால இல்லடி'ன்னாங்க. அம்மான்னா அப்படித்தானே மாமா சொல்லுவாங்க?"

பதினோரு ஆண்டுகளாக அந்தக் குழந்தை இதைச் சுமந்திருக்கிறாள். என் சுமையை அவள் சுமந்திருக்கிறாள். அப்போதாவது வாயைத் திறந்தேனா? இல்லை. செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன். வெட்கமாக இருக்கிறது என்று சொல்ல வேண்டிய இடம் இது. வெட்கம்கூட இன்னும் உறைக்கவில்லை. நாளைக்கோ அடுத்த வாரமோ உறைக்கும் என்று நினைக்கிறேன்.

மகளே, எல்லோர் முன்னாலும் சொல்கிறேன், கேட்டுக்கொள். உன் அம்மா அந்தக் குறிப்பை எழுதவில்லை. அதில் ஒப்பமிடவில்லை. உனக்குக் காய்ச்சல் வந்தது, உன் அம்மா உன்னைக் கூட்டிவர வந்தார். எந்த அம்மாவும் வருவார். வருவதற்கு முன் செய்ய வேண்டியதையும் என்னிடம் சரியாகச் சொல்லிவிட்டுத்தான் வந்தார். அதற்குப் பிறகு நடந்த எதிலும் உனக்குப் பங்கில்லை. எழுதியவன் நான், ஒப்பமிட்டவன் நான், பொய் சொன்னவன் நான், விசாரணையில் வாயை மூடிக்கொண்டிருந்தவனும் நான்தான். நீ ஒன்றுமே செய்யவில்லை அம்மா. காய்ச்சலாகப் படுத்திருந்தாய். அவ்வளவுதான்.

அன்பார்ந்த ஆசிரியப் பெருமக்களே, இரங்கல் கூட்டத்தில் உரையை முடிக்கும்போது, மறைந்தவர் விட்ட பணியைத் தொடர்வோம் என்று உறுதி சொல்வது வழக்கம். நானும் சொல்கிறேன். இனி எந்த முகாமிலும் கணக்கைப் பார்க்காத ஒருவரிடம் படித்துக் காட்டாமல் விடைக்குறிப்பு மேசைக்குப் போகக் கூடாது. அதை விதியாகவே எழுத வேண்டும் என்று கேட்டுக் கடிதம் எழுதியிருக்கிறேன். ஒன்பதாம் வகுப்புக் கடைசிப் பிரிவுக்கு அவர் இடத்தில் யாரையாவது கடனுக்குப் போட்டுவிடாதீர்கள். 'வாக்கியம் எங்கே?' என்று கேட்கத் தெரிந்தவரைப் போடுங்கள். அதே கடிதத்தின் முதல் பக்கத்தில் இப்போது சொன்னதை எல்லாம், தேதியோடு, ஒன்றையும் மறைக்காமல் எழுதியிருக்கிறேன். விசாரணை அறிக்கையைத் திருத்த வேண்டும், பாடநூலில் அவர் பெயரைத் திரும்பச் சேர்க்க வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். என் மீது என்ன நடவடிக்கையானாலும் சரி. கடிதம் என் சட்டைப்பையில்தான் இருக்கிறது. நாளைக் காலை பத்து மணிக்கு முறைப்படி இயக்குநர் அலுவலகத்தில் சேர்த்துவிடுவேன் என்று இந்த அவையின் முன் உறுதி கூறி, வாக்கியம் டீச்சருக்கு என் அஞ்சலியைச் செலுத்தி...

என்னம்மா? எழுந்து நிற்கிறாயே. ஒலிபெருக்கி இரைகிறது, சத்தமாகச் சொல்லு.

"நாளைக்கு எதுக்கு மாமா? டைரக்டர் சார் இங்கேயேதானே உக்காந்திருக்காங்க."

ஆமாம்.

ஆமாம் அம்மா. இங்கேதான் இருக்கிறார். நான்கு நாற்காலி தள்ளி.

இயக்குநர் அவர்களே, நீங்கள் எழுந்திருக்க வேண்டாம். உட்காருங்கள் ஐயா. நானே கொண்டுவந்து தருகிறேன்.